திருட்டுப் பிரிண்ட் யாரை அடிக்கிறது?

கேள்வி இதுதான்: "படம் வெளியான அன்றே திருட்டுத் தளங்களில் வந்துவிடுகிறது. ஆனாலும் பெரிய படங்கள் நூறு கோடி, இருநூறு கோடி என்று வசூலிக்கின்றன. அப்படியானால் திருட்டுப் பிரிண்டால் தமிழ் சினிமாவுக்கு உண்மையிலேயே நஷ்டமா, இல்லை ஓடாத படத்துக்குச் சொல்லும் சாக்கா? இத்தனை சட்டமும் நீதிமன்றத் தடையும் இருந்தும் ஏன் நிறுத்த முடியவில்லை? பார்வையாளர்கள் என்னதான் செய்ய முடியும்?"

நஷ்டம் உண்மை. ஆனால் அது எல்லாப் படத்தையும் ஒரே மாதிரி அடிப்பதில்லை. செய்திகளில் அடிபடுவது பெரிய படங்களின் பெயர். அடி விழுவது பெரும்பாலும் யாரும் பெயர் சொல்லாத படங்களின் மேல். இதைப் புரிந்துகொண்டால்தான் மற்ற கேள்விகளுக்கும் பதில் பிடிபடும்.

பெரிய நட்சத்திரத்தின் படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். முதல் மூன்று நாள் டிக்கெட் படம் வருவதற்கு முன்பே முன்பதிவில் போய்விடும். அந்தக் கூட்டம் கதையைத் தெரிந்துகொள்ள மட்டும் வருவதில்லை. முதல் காட்சியில், அந்தச் சத்தத்துக்குள் உட்கார்ந்து பார்க்க வருகிறது. தியேட்டர் திரையைக் கேமராவில் எடுத்து, போனில் கிடைக்கும் மங்கலான கேம் பிரிண்ட் அவர்களுக்கு மாற்றாகாது. அடுத்து வரும் குடும்பக் கூட்டம் குறையும், இரண்டாம் வாரம் வலுவிழக்கும், அதிலும் கோடிகள் போகும். ஆனாலும் படம் தாங்கிவிடும். ஓடிடி, சாட்டிலைட், இந்தி டப்பிங், எஃப்.எம்.எஸ் எனப்படும் வெளிநாட்டு உரிமை எல்லாம் முன்பே விற்றிருக்கும்.

சின்னப் படத்தின் கணக்கே வேறு. நட்சத்திரம் இல்லாத ஒரு படம் வெள்ளிக்கிழமை வருகிறது என்று வைத்துக்கொள்வோம். பல ஊர்களில் அதற்குக் கிடைப்பது காலை அல்லது மதியக் காட்சி ஒன்றே ஒன்று. முதல் நாள் பாதி இருக்கைகூட நிறையாது. இது எல்லாருக்கும் தெரிந்ததுதான், தயாரிப்பாளரும் எதிர்பார்த்ததுதான். அந்தப் படம் நம்பியிருப்பது வாய்வழிப் பேச்சை மட்டும். வெள்ளிக்கிழமை பார்த்த நாற்பது பேர் "படம் நல்லாயிருக்கு" என்று சொல்லி, அது சனிக்கிழமை பரவி, ஞாயிறு மாலைக் காட்சி நிறைந்து, திங்கட்கிழமை தியேட்டர்காரர் இன்னொரு காட்சி கொடுக்க வேண்டும். தமிழில் எதிர்பாராமல் ஓடிய சின்னப் படங்கள் எல்லாமே இப்படி ஏறி வந்தவைதான். இப்போது என்ன ஆகிறது? அந்தப் பேச்சு பரவும்போதே டெலிகிராமில் படமும் பரவுகிறது. "நல்லாயிருக்காம்" என்று நண்பர் அனுப்பும் செய்திக்குக் கீழேயே லிங்க் வந்துவிடுகிறது. நல்ல பேச்சு கிளம்பக் கிளம்ப, லாபம் திருட்டுத் தளத்துக்குப் போகிறது. திங்கட்கிழமை காட்சிக்குப் பத்துப் பேர் வந்தால் ஏசி ஓடும் மின்கட்டணத்துக்கே கட்டாது. படத்தை எடுத்துவிட்டு வேறு படம் போட்டுவிடுவார்கள். அவர்களையும் குறை சொல்ல முடியாது.

இதோடு முடிந்தால்கூடப் பரவாயில்லை. ஊரடங்குக் காலத்திலும் அதை ஒட்டிய ஆண்டுகளிலும் ஓடிடி நிறுவனங்கள் தமிழ்ப் படங்களை அள்ளி வாங்கின. அந்த வேகம் இப்போது இல்லை. பல சின்னப் படங்களிடம், "முதலில் தியேட்டரில் எப்படிப் போகிறது என்று பார்ப்போம், அப்புறம் விலை பேசலாம்" என்கிறார்கள். ஆக, தியேட்டர் வசூல் திருடப்பட்டால் ஓடிடி விலையும் சேர்ந்தே விழுகிறது. மாத வட்டிக்குப் பணம் வாங்கிப் படம் எடுத்தவர் அடுத்த படம் எடுப்பதில்லை. தமிழில் ஆண்டுக்கு 200-க்கும் மேல் படங்கள் வருகின்றன. அவற்றில் பெரும்பாலானவை இந்த வகை. முதல் படம் எடுக்கும் இயக்குநர்கள், புது ஒளிப்பதிவாளர்கள், துணை நடிகர்கள் எல்லாரும் உள்ளே வரும் வாசல் இந்தப் படங்கள்தான்.

"ஓடாத படத்துக்குச் சாக்கா" என்ற சந்தேகத்திலும் நியாயம் இருக்கிறது. இணையத்தில் படம் பார்த்த ஒவ்வொருவரும் டிக்கெட் வாங்கியிருப்பார் என்று பெருக்கிச் சொல்லும் நஷ்டக் கணக்கை நான் ஏற்பதில்லை. இலவசமாகக் கிடைத்ததால் மட்டுமே பார்த்தவர்கள் ஏராளம். எர்னஸ்ட் அண்ட் யங் நிறுவனமும் இந்திய இணைய, மொபைல் சங்கமும் 2024-ல் வெளியிட்ட அறிக்கை, 2023-ல் இந்தியாவின் திருட்டுச் சந்தை 22,400 கோடி ரூபாய் என்றது. அதில் தியேட்டர் படங்களின் பங்கு 13,700 கோடி, ஓடிடி உள்ளடக்கத்தின் பங்கு 8,700 கோடி. இது நாடு முழுக்க, எல்லா மொழிகளுக்குமான மதிப்பீடு. இதைத் தமிழ் சினிமாவின் நஷ்டம் என்று மேடையில் சொல்பவர்கள் தங்கள் வழக்கைத் தாங்களே பலவீனப்படுத்துகிறார்கள். அதே அறிக்கையில் எனக்கு முக்கியமாகப் படுவது வேறு ஒரு செய்தி: திருட்டுத்தனமாகப் பார்ப்பவர்களில் 64 சதவீதம் பேர், நடுவில் விளம்பரம் வந்தாலும் பரவாயில்லை, இலவசமாகக் கிடைத்தால் முறையான தளத்துக்கே வந்துவிடுவோம் என்று சொல்லியிருக்கிறார்கள். இதற்குப் பிறகு வருகிறேன்.

முதலில், பிரிண்ட் எப்படி வெளியே போகிறது என்று பார்ப்போம். வழி இரண்டுதான் பிரதானம்: தியேட்டர் இருக்கை, ஓடிடி. இரண்டாவதில் சொல்ல அதிகமில்லை. ஓடிடியில் படம் ஏறிய சில நிமிடங்களில் பாதுகாப்புப் பூட்டை உடைத்து, கண்ணாடி போன்ற பிரதியை எடுத்துவிடுகிறார்கள். தமிழ்ப் படங்கள் பெரும்பாலும் நான்கு வாரத்தில் ஓடிடிக்கு வருவதால் அதன் பிறகு தியேட்டரில் இழக்க அதிகம் மிஞ்சியிருக்காது. இந்த இடைவெளியை எட்டு வாரமாக்க வேண்டும் என்று தியேட்டர் உரிமையாளர்கள் கேட்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

முதல் நாள் பிரிண்ட் தியேட்டரிலிருந்துதான் வருகிறது. 2024 ஜூலையில் திருவனந்தபுரத்தில் நடந்ததைப் பாருங்கள். அங்கே ஒரு மல்டிபிளக்ஸில் 'ராயன்' ஓடிக்கொண்டிருந்தபோது அதைப் பதிவு செய்த மதுரை இளைஞர் ஒருவரைக் கேரள சைபர் போலீஸ் பிடித்தது. அதற்குமுன் வெளியான ஒரு மலையாளப் படத்தின் திருட்டுப் பிரதியை ஆராய்ந்ததில் அது அதே தியேட்டரில் எடுக்கப்பட்டது என்று தெரிந்ததால் கண்காணித்துக் காத்திருந்திருக்கிறார்கள். சாய்வு இருக்கையில் குளிர்பானம் வைக்கும் குழியில் கேமராவை வைத்துவிட்டு அவர் சாதாரணமாகப் படம் பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு படத்துக்கு அவருக்குக் கிடைத்தது 5,000 ரூபாய் என்று செய்திகள் வந்தன. கோடிக்கணக்கில் செலவழித்து எடுத்த படத்தைத் திருட ஒரு டிக்கெட்டும் 5,000 ரூபாயும் போதுமானதாக இருந்திருக்கிறது. சில மாதம் கழித்து, கோவை தியேட்டர் ஒன்றில் மலையாளப் படத்தைப் பதிவு செய்த இருவரை அதே கேரள போலீஸ் பெங்களூரில் கைது செய்தது.

அந்தத் தியேட்டரை எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்பது பலருக்கும் தெரியாது. இப்போது படம் பெட்டியில் சுருளாக வருவதில்லை. பூட்டிய டிஜிட்டல் கோப்பாக வருகிறது. எந்தத் தியேட்டரின் எந்த சர்வரில், எந்தத் தேதியிலிருந்து எந்தத் தேதிவரை ஓடலாம் என்பதற்குத் தனிச் சாவி அனுப்புகிறார்கள். அதனால் கோப்பையே திருடுவது கடினம். படம் திரையில் ஓடும்போது கண்ணுக்குத் தெரியாத, காதுக்குக் கேட்காத ஒரு குறியீட்டை சர்வர் படத்திலும் ஒலியிலும் கலந்துவிடும். அதில் அந்தக் கருவியின் அடையாளமும், எத்தனை மணி வாக்கில் ஓடிய காட்சி என்பதும் இருக்கும். டிஜிட்டல் சினிமாவுக்கான சர்வதேசத் தரப்படி ஒவ்வொரு ஐந்து நிமிடத் துண்டிலும் இந்த விவரம் முழுதாக இருக்க வேண்டும். சென்னையைச் சேர்ந்த க்யூப் போன்ற நிறுவனங்கள் இந்தத் தொழில்நுட்பத்தில் உலக அளவில் பெயர் பெற்றவை. ஆக எந்தத் தியேட்டர், எந்தக் காட்சி என்று கண்டுபிடிக்க நம் ஊரிலேயே ஆள் இருக்கிறார்கள்.

கண்டுபிடித்தும் இருக்கிறார்கள். 2018-ல் சில படங்களின் திருட்டுப் பிரதியை ஆராய்ந்து, அவை பதிவான தியேட்டர்களை அடையாளம் கண்டார்கள். தயாரிப்பாளர் சங்கம் பத்துத் தியேட்டர்களின் பட்டியலைப் போட்டு, இவற்றுக்குப் புதுப் படம் தருவதில்லை என்று அறிவித்தது. என் பார்வையில் தமிழ் சினிமா எடுத்த உருப்படியான நடவடிக்கைகளில் அது ஒன்று. அதைத் தொடர்ந்து, விடாமல் செய்யவில்லை என்பதுதான் வருத்தம். சங்கத்தில் தேர்தல் வந்தது, அணிகள் மாறின, சண்டை வந்தது. திருட்டுத் தளங்களோ தங்கள் வேலையை ஒரு வெள்ளிக்கிழமைகூட நிறுத்தவில்லை.

கேம் பிரிண்ட் என்றால் தலைகள் நடமாடும், இருமல் கேட்கும் என்று நினைத்துக்கொண்டிருப்பவர்கள் கவனிக்க வேண்டிய விஷயம் ஒன்று உண்டு. இப்போது வரும் பிரிண்டுகளில் படம் ஒரு இடத்தில் எடுத்திருப்பார்கள், ஒலி வேறு இடத்தில். தியேட்டரின் ஒலிக்கருவியிலிருந்தே நேராக எடுத்த ஒலிக்கு 'லைன் ஆடியோ' என்று பெயரே வைத்திருக்கிறார்கள். ஆளில்லாத காட்சியில், திரைக்கு நேர் நடுவில் கேமராவை வைத்து எடுத்தது போன்ற பிரிண்டுகளும் வருகின்றன. ரசிகர் ஒருவர் மடியில் போனை வைத்து எடுத்தால் இந்தத் தரம் வராது. உள்ளே யாரோ கதவு திறந்துவிடுகிறார்கள். எல்லாத் தியேட்டர்காரர்களையும் சந்தேகப்படச் சொல்லவில்லை. பெரும்பாலானவர்கள் இதில் பாதிக்கப்படுபவர்கள்தான். ஆனால் குறைந்த சம்பளத்தில் ராத்திரிக் காட்சி முடியும்வரை கேபினில் நிற்கும் ஊழியருக்கு 5,000 ரூபாய் என்பது என்ன தொகை என்று நாம் யோசிக்க வேண்டும்.

சட்டத்துக்கு வருவோம். சட்டம் போதவில்லை என்று சொல்லவே முடியாது. திருட்டு விசிடி கொடிகட்டிப் பறந்த காலத்தில், 2004-லேயே தமிழ்நாடு அரசு குண்டர் சட்டத்தைத் திருத்தி வீடியோ திருட்டில் ஈடுபடுபவர்களை அதற்குள் கொண்டுவந்தது. ஓராண்டுவரை விசாரணையில்லாமல் உள்ளே வைக்கலாம். 1957-ன் பதிப்புரிமைச் சட்டப்படி மூன்றாண்டுவரை சிறை உண்டு. இது பிணையில் விட முடியாத குற்றம் என்று 2022-ல் உச்ச நீதிமன்றமும் சொல்லிவிட்டது. 2023-ல் ஒளிப்பதிவுச் சட்டத்தைத் திருத்தினார்கள். அனுமதியில்லாமல் தியேட்டரில் பதிவு செய்தால் குறைந்தது மூன்று மாதம், அதிகபட்சம் மூன்றாண்டு சிறை. 3 லட்சம் ரூபாயில் தொடங்கும் அபராதம், படத்தின் கணக்குத் தணிக்கை செய்யப்பட்ட தயாரிப்புச் செலவில் 5 சதவீதம்வரை போகலாம். ஆம்னி பஸ்ஸில் புதுப் படம் போடுவது, உள்ளூர் கேபிளில் ஓட்டுவது போன்றவற்றுக்கும் இதில் இடமிருக்கிறது.

நீதிமன்றமும் சும்மா இருக்கவில்லை. 2012-ல் '3' படத்துக்காகச் சென்னை உயர் நீதிமன்றம் முகம் தெரியாத எதிராளிகளுக்கு எதிராகவும் தடை கொடுத்தது. இணைய இணைப்பு தரும் நிறுவனங்கள் என்ன செய்தன தெரியுமா? திருட்டு லிங்க்கை விட்டுவிட்டு, விமியோ, டெய்லிமோஷன் போன்ற வீடியோ தளங்களையே மொத்தமாக முடக்கின. நாடு முழுக்கக் கூச்சல் எழுந்த பிறகு, குறிப்பிட்ட முகவரிகளை மட்டும் முடக்கினால் போதும் என்று நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. 2018 நவம்பரில் '2.0' படத்துக்கு முந்தைய நாள் 37 இணைய நிறுவனங்களுக்கு உத்தரவு போனது. முடக்கச் சொன்ன தளங்கள் 12,564. அதில் தமிழ்ராக்கர்ஸ் என்ற திருட்டுத் தளத்தின் பெயரில் இருந்தவை மட்டும் இரண்டாயிரத்துக்கு மேல். அடுத்த நாள் படம் வெளியானது, அன்றே இணையத்திலும் வந்தது.

ஏன் பலிக்கவில்லை? தளத்தை முடக்குவது என்றால் அந்த முகவரியை மட்டும் முடக்குவது. முகவரியின் கடைசி மூன்று எழுத்தை மாற்றிப் பத்து நிமிடத்தில் புது முகவரி வாங்கிவிடலாம். சர்வர் இருப்பது நம் போலீஸ் கை எட்டாத நாட்டில். அதன் உண்மையான இருப்பிடத்தை மறைக்க நடுவில் இன்னொரு சேவை. புது முகவரியை அறிவிக்க டெலிகிராம் சேனல். 2019-ல் டெல்லி உயர் நீதிமன்றம் ஒரு வழி கண்டது: ஒருமுறை தடை வாங்கிவிட்டால், அதே தளம் வேறு பெயரில் வரும்போது புது வழக்குப் போட வேண்டாம், பட்டியலில் சேர்த்துக்கொண்டே போகலாம். நல்ல ஏற்பாடு. ஆனால் பட்டியலில் சேர்க்க வழக்கறிஞரும் பணமும் வேண்டும். பெரிய ஸ்டுடியோவால் முடியும், ஒரு படம் மட்டும் எடுத்த தயாரிப்பாளரால் முடியாது.

2023 நவம்பரில் மத்திய அரசு தணிக்கை வாரியத்திலும் தகவல் ஒலிபரப்புத் துறையிலும் 12 பொறுப்பு அதிகாரிகளை நியமித்தது. நீதிமன்றம் போகாமலே இவர்களிடம் புகார் கொடுக்கலாம், 48 மணி நேரத்துக்குள் முடக்கும் நடவடிக்கை வரும் என்றார்கள். சின்னத் தயாரிப்பாளருக்கு இது பெரிய உதவி, மறுக்கவில்லை. ஆனால் வெள்ளிக்கிழமை மாலை புகார் கொடுத்தால் 48 மணி நேரம் முடிவது ஞாயிறு மாலை. ஒரு சின்னப் படத்தின் மொத்த வாழ்நாளும் அந்த 48 மணி நேரத்துக்குள்தான் இருக்கிறது. நேரலை கிரிக்கெட்டுக்கு ஆட்டம் நடக்கும்போதே தளங்களை முடக்க முடிகிறபோது, சினிமாவுக்கு முதல் வார இறுதியில் சில மணி நேரத்தில் முடக்க ஏன் முடியாது? தயாரிப்பாளர் சங்கம் விடாப்பிடியாகக் கேட்க வேண்டிய முதல் கோரிக்கை இதுவாகத்தான் இருக்க வேண்டும்.

ஆட்களைப் பிடிக்காமல் இல்லை. தமிழ்ராக்கர்ஸ் நடத்தியதாக 2018-ல் விழுப்புரத்தைச் சேர்ந்தவர்களைக் கேரள போலீஸ் கைது செய்தது. 2020 அக்டோபரில் அந்தத் தளம் மறைந்தது. அதன் இடத்தை நிரப்ப ஒரு மாதம்கூட ஆகவில்லை. தெலுங்குப் படங்களுக்குப் பெயர்போன ஐபொம்மாவை நடத்தியவர் என்று 2025 நவம்பரில் ஹைதராபாத் போலீஸ் ஒருவரைப் பிடித்தது. ஒவ்வொரு கைதுக்கும் வரவேற்பு பலமாக இருக்கும். ஆனால் பணம் வரும் வழி திறந்திருக்கும்வரை அடுத்த ஆள் வந்துகொண்டேதான் இருப்பார். அந்தப் பணம் பார்வையாளர் கொடுப்பதில்லை. ஒரு திருட்டுத் தளத்தில் எங்கே தொட்டாலும் திறக்கும் விளம்பரங்களைப் பாருங்கள், பிரிண்டின் மேலேயே ஓடும் எழுத்துகளைப் பாருங்கள். பெரும்பாலும் சூதாட்ட ஆப்கள். 2025-ல் ஹைதராபாத் போலீஸ் பிடித்த இன்னொரு கும்பலின் விஷயத்திலும் இந்த விளம்பரப் பணத்தைத்தான் சுட்டிக்காட்டினார்கள். உங்கள் பையன் இலவசப் படம் என்று தொடும் பக்கத்தில் அவனுக்குக் காட்டப்படுவது சூதாட்டம், ஆபாசம், போனில் புகும் வைரஸ். இந்த விளம்பரதாரர்களின் பணப் பரிமாற்றத்தை அடைப்பது பத்தாயிரம் முகவரிகளை முடக்குவதைவிடப் பலன் தரும் என்பது என் உறுதியான எண்ணம்.

இனி அந்த 64 சதவீதத்துக்கு வருகிறேன். திருட்டுப் பிரிண்ட் பார்ப்பவர்கள் எல்லாரும் திருட்டு மனம் கொண்டவர்கள் இல்லை. சென்னை மல்டிபிளக்ஸில் அனுமதிக்கப்பட்ட உச்ச டிக்கெட் வரியோடு 190 ரூபாயை ஒட்டி வருகிறது. நான்கு பேர் குடும்பம், பார்க்கிங், இடைவேளையில் பாப்கார்ன் என்று போனால் மாதச் சம்பளக்காரருக்குக் கை கடிக்கும். தாலுகா ஊர்களில் பல தியேட்டர்கள் கல்யாண மண்டபமாகவும் கிடங்காகவும் மாறிவிட்டன. அங்கே இருப்பவர் சின்னப் படம் பார்க்க ஐம்பது கிலோமீட்டர் போக வேண்டும். வெளிநாட்டில் இருக்கும் தமிழர்களுக்கோ, பெரிய படம் மட்டும் வரும்; மற்றவை வருவதே இல்லை. இவர்கள் பணம் கொடுக்கத் தயார், வாங்கத்தான் இடமில்லை.

இதைத் தமிழ் சினிமாக்காரர்களே யோசித்ததும் உண்டு. 2013-ல் கமல்ஹாசன் தன் படத்தை 1,000 ரூபாய் கட்டணத்தில் டிடிஎச் வழியாக வீட்டுக்கே கொடுக்கப் பார்த்தார். தியேட்டர் உரிமையாளர்கள் எதிர்த்ததால் நடக்கவில்லை. 2015-ல் இயக்குநர் சேரன் சி2எச் என்ற அமைப்பைத் தொடங்கி, தன் படத்தை நேரடியாகக் குறைந்த விலை டிவிடியாக வீடுகளுக்குக் கொண்டுபோனார். ஊர் ஊராக விநியோகஸ்தர்களைப் பிடித்துச் செய்த வேலை அது. அவருக்குத் தொழில் துணை நிற்கவில்லை, டிவிடியின் காலமும் முடிந்துகொண்டிருந்தது. ஆனால் அன்று அவர் சொன்னதன் சாரம் சரி: தியேட்டர் கிடைக்காத படத்துக்கு வேறு ஒரு நேர்மையான வழி வேண்டும். இன்று ஒவ்வொரு கையிலும் யுபிஐ இருக்கிறது. தியேட்டரில் ஒரு வாரம்கூடத் தாங்காத படத்தை இரண்டாம் வாரத்திலேயே 50 ரூபாய்க்கு, விளம்பரத்தோடு என்றால் இலவசமாகவே, முறையான தளத்தில் கொடுக்கலாம். எட்டு வார இடைவெளியைப் பெரிய படத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள். நான்காம் நாளே தியேட்டரை விட்டுத் தூக்கிய படத்துக்கு அந்த விதியைப் போடுவது, அதைத் திருட்டுத் தளத்துக்கே எழுதிக் கொடுப்பதற்குச் சமம்.

பார்வையாளர் செய்யக்கூடியதும் உண்டு. தியேட்டரில் யாராவது தொடர்ந்து போனைத் தூக்கிப் பிடித்திருந்தால் மேலாளரிடம் சொல்லுங்கள். அது இப்போது குற்றம். முதல் காட்சியில் நாயகன் நுழையும் இடத்தைப் படம்பிடித்து ஸ்டேட்டஸில் போடும் பழக்கத்தையும் விட்டுவிடலாம். 2018-ல் 'காலா'வைச் சிங்கப்பூரிலிருந்து ஒருவர் ஃபேஸ்புக்கில் நேரலையாகவே ஓட்டினார், காவல்துறை அவரைப் பிடித்தது. திருட்டு லிங்க் கண்ணில் பட்டால் படக்குழுவுக்கு அனுப்புங்கள். பொறுப்பு அதிகாரிகளிடம் படத்தின் உரிமையாளர் அல்லாதவரும் புகார் கொடுக்கலாம், விசாரித்து முடிவெடுப்பார்கள். எல்லாவற்றுக்கும் மேலாக, ஒரு சின்னப் படம் நன்றாக இருக்கிறது என்று கேள்விப்பட்டால் அடுத்த வாரம் என்று தள்ளிப்போடாமல், அந்த ஞாயிற்றுக்கிழமையே போய்ப் பாருங்கள். திங்கட்கிழமை காலை காட்சிகளைப் பிரிக்கும்போது தியேட்டர்காரர் பார்ப்பது அந்த ஞாயிறு மாலையின் டிக்கெட் எண்ணிக்கையைத்தான்.